ஐந்து நிழல்மீன்கள்

அஞ்சலீனாவுக்கு வாய் சும்மா இருக்காது. மெல்பேர்ணின் டண்டினொங்கில் அது ஊரறிந்த விஷயம். பேசாலைக் கடற்கரையில் பிறந்து, இளம் வயதிலேயே மெல்பேர்ணுக்கு வந்து, கணவன் பொனிபஸ் மாரடைப்பில் போன பிறகு மகள் மெலனியைத் தனியாளாய் வளர்த்து ஆளாக்கியவள். வார நாட்களில் ஒரு பள்ளிக்கூடத்துக் கன்ரீனில் சான்ட்விச் செய்வாள். சனிக்கிழமைப் பின்னேரங்களில் தமிழ் வானொலியில் ஒரு மணிநேரம் நிகழ்ச்சி நடத்துவாள். அதற்குச் சம்பளம் கிடையாது. ஆனால் மைக்குக்கு முன்னால் இருக்கும்போது யாரும் "போதும் அன்ரி" என்று சொல்ல முடியாது. அதுவே அவளுக்குப் பெரிய சம்பளம்.

அந்தக் குளிர்காலத்தில்தான் வானம் மாறியது.

தென்சிலுவைக்குப் பக்கத்தில் ஒரு கரிய தூசிமேகம் இருந்தது. அதற்குப் பின்னால் ஐந்து பெரிய விண்மீன்கள் ஒளிந்திருந்தன என்பது அதுவரை யாருக்கும் தெரியாது. மேகம் விலக விலக, முதலில் ஒரு மங்கலான திட்டாகத் தெரிந்தவை, சில வாரங்களில் கண்ணைக் கூசவைக்கும் ஐந்து புள்ளிகளாக எரியத் தொடங்கின. ஐந்தும் சேர்ந்தால் அரை நிலவின் வெளிச்சம். ஆனால் நிலவு விழுத்தும் நிழல் வேறு, இது வேறு. நிலவு ஒரு தட்டு. அதன் நிழலுக்கு ஓரம் குழம்பியிருக்கும். இவையோ வெறும் புள்ளிகள். சவர அலகால் வெட்டியதுபோல நிழல் விழுத்தும். கையை நீட்டினால் கைமயிர்கூடத் தரையில் தெரியும். அதுவும் ஆளுக்கு ஐந்து நிழல், விரித்த கைவிரல்கள்போல. அந்த ஐந்தும் சும்மா கிடக்காது; குளத்தடியில் வெயில் விழுந்ததுபோல நெளிந்து நடுங்கிக்கொண்டே இருக்கும்.

மெல்பேர்ணில் அந்தப் பருவத்தில் ஐந்தரை மணிக்கே இருட்டிவிடும். நகரசபைகள் பூங்கா விளக்குகளை அணைத்து வைத்தன. வேலை முடிந்து வந்தவர்கள் வீட்டுக்குப் போகாமல் புல்வெளிகளில் நின்று தங்கள் நிழல்களைப் பார்த்தார்கள். நாய்கள் தங்கள் ஐந்து வால்களையும் துரத்தின. குழந்தைகள் நிழலை மிதிக்கப் போய், எதை மிதிப்பது என்று தெரியாமல் தலைசுற்றி விழுந்தன. குடியாதவர்கள்கூட வெறிகாரர்போலத் தள்ளாடி நடந்தார்கள். ஊருக்கே ஒரு கிறுக்குப் பிடித்திருந்தது.

இதைப் பற்றி வானொலியில் விளக்கம் சொல்ல அஞ்சலீனா அழைத்திருந்தது ராஜரத்தினத்தை. யாழ்ப்பாணத்துக்காரர். தொலைபேசிக் கொம்பனியில் பொறியியலாளராக இருந்து ஓய்வு பெற்றவர். கலியாணம் கட்டவில்லை. நோபிள் பார்க்கில் வீட்டுக்குப் பின்னால் ஒரு பெரிய தொலைநோக்கியை வைத்துக்கொண்டு, அதற்கு மழைக்கோட்டுப் போட்டுப் பராமரிப்பவர். நிகழ்ச்சி தொடங்கச் சற்று முன்னர் அவர் தொலைபேசியில் வந்தார்.

"அஞ்சலீனா, ரெயில் ஓடேல்லையாம். எல்லாரையும் பஸ்ஸில ஏத்தி விட்டிருக்கிறாங்கள். பஸ் அசையுதில்லை."

"எவ்வளவு நேரம் செல்லும் அண்ணை?"

"அந்த வெளிச்சம் இங்க வர ஆயிரக்கணக்கில வருசம் எடுத்தது. அதைவிடக் கெதியா வந்திடுவன் எண்டு நினைக்கிறன்."

அஞ்சலீனா இரண்டு பாட்டுப் போட்டாள். சேலைக்கடை விளம்பரம் போட்டாள். பிறகும் நேரம் வாயைப் பிளந்துகொண்டு நின்றது. அப்போதுதான் நகரின் மறுபக்கத்துப் பொயிண்ட் குக்கிலிருந்து ஒரு பெண் அழைத்தாள். இந்தியத் தமிழ்.

"வணக்கம்ங்க. எம்பேரு சத்தியபாமா. இந்த அஞ்சு நட்சத்திரத்துக்கு நம்ம தமிழ்ல ஏதாச்சும் கதை உண்டுங்களா?"

இல்லை என்று ஒரு சொல்லில் முடித்திருக்கலாம். ஆனால் அந்தச் சொல்லுக்குப் பிறகு என்ன பேசுவது?

"இல்லாமல் இருக்குமோ அம்மா," என்றாள் அஞ்சலீனா. "எங்கட கடற்கரைப் பக்கத்தில இதுக்கு நிழல்மீன் எண்டு பேர்."

பெயர் வாயிலிருந்து விழுந்த பிறகுதான் அவளுக்கே தெரிந்தது. மீன் என்று வந்துவிட்டது. இனிக் கடல் வரவேண்டும். வந்தது.

"அஞ்சு பெண்டுகள். அஞ்சு பேரின்ர புருசன்மாரும் ஒரே வள்ளத்தில கடலுக்குப் போனவை. காத்தடிச்சு வள்ளம் வரேல்லை. கரையில நிண்டு பாத்தால் தூரம் தெரியேல்லை எண்டு, அவையள் விளக்குகளைத் தூக்கிக்கொண்டு மேல ஏறிப்போச்சினம். மேல இருந்து பாத்தால் எல்லாற்ற தலையும் ஒரே மாதிரித்தானே, முகம் தெரியாது. அதுதான் ஒவ்வொருத்தியும் விளக்கைப் பிடிச்சு, கீழ நிக்கிற ஆளின்ர நிழலை விழுத்திப் பாக்கிறாள். மூக்கு அவற்ற மூக்கோ, நடை அவற்ற நடையோ எண்டு. அதாலதான் எங்களுக்கு அஞ்சு நிழல்."

"ஆனா இது புதுசா வந்த நட்சத்திரம்னு சொல்றாங்களே?" என்றாள் சத்தியபாமா.

"புதுசா வந்ததில்லையம்மா, திரும்பி வந்தது. இடையில மேகம் மூடிப்போட்டுது."

"அப்ப நிழல் ஏனுங்க நடுங்குது?"

"தேடுற கை நடுங்கும்தானே."

இதோடு நிறுத்தியிருக்கலாம். ஆனால் கடிகாரத்தில் இன்னும் இடம் இருந்தது. "ஆராவது ரெண்டு பேர் பக்கத்தில பக்கத்தில நிக்கேக்க நிழல் நடுங்காமல் நிண்டால், அந்த அஞ்சு பெண்டுகளுக்கும் திருப்தி எண்டு அர்த்தம். அந்த ரெண்டு பேரும் ஆளுக்காள் எண்டு எழுதி வைச்சது," என்று சேர்த்துவிட்டாள். இது எங்கிருந்து வந்தது என்று அவளுக்கும் விளங்கவில்லை.

கடைசிப் பாட்டு ஓடிக்கொண்டிருந்தபோது ராஜரத்தினம் மூச்சிரைக்க வந்து சேர்ந்தார்.

"பஸ்ஸில இருந்து முழுக்கக் கேட்டனான்," என்றார். "எந்தப் புத்தகத்தில இருக்குது இது?"

"கோவிக்காதேங்கோ அண்ணை. ஒரு புத்தகத்திலயும் இல்லை. வாயில வந்தது."

அவர் கதிரையில் உட்கார்ந்து, இருமல் வரும்வரை சிரித்தார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "நாப்பது வருசமா நான் வானத்தைப் பாத்துக்கொண்டிருக்கிறன். வானம் என்னைத் தேடக்கூடும் எண்டு ஒருநாளும் நினைக்கேல்லை," என்றார்.

அஞ்சலீனா அவரை மறுபடியும் வரச் சொன்னாள்.

அடுத்த சனிக்கிழமை அவர் நேரத்துக்கு வந்து அறிவியலைச் சொன்னார். நிழல் நடுங்குவது காற்றால். பத்துக் கிலோமீற்றர் உயரத்தில் சூடும் குளிருமாய் ஓடும் காற்று, புள்ளி வெளிச்சத்தை வளைத்து வளைத்து விடுகிறது. காற்று அடங்கினால் நிழலும் அடங்கும், பக்கத்தில் யார் நின்றாலும் சரி, ஒரு மாடு நின்றாலும் சரி என்று பொறுமையாக விளக்கினார். தொலைபேசி மணி அடித்தது. "ஐயா நல்ல விளக்கம் தந்தார்," என்றது ஒரு குரல். "அப்ப, மாப்பிள்ளைக்கு வலப்பக்கமா பொம்பிளை நிக்கவேணும், இடப்பக்கமா?"

கதைக்குக் கால் முளைத்துவிட்டது. வாட்ஸ்அப்பில் அது சிட்னிக்குப் போய், அங்குள்ள வென்ட்வேர்த்வில் தமிழ்க் கடைகளில் சுற்றி, திரும்பி வரும்போது பெண்டுகளுக்குப் பெயர்களும் இருந்தன. கோயில்காரர் பஞ்சகன்னியர் என்றார்கள். தேவாலயத்தில் சிலுவையில் பட்ட ஐந்து காயங்கள் என்று பேச்சு வந்தது. இளசுகள் 'த ஃபைவ் அன்ரீஸ்' என்று வைத்ததுதான் நிலைத்தது. யார் யாரோடு நிற்கிறார்கள் என்று மேலே இருந்து பார்ப்பது வேறு யாராக இருக்க முடியும்? இந்த நாட்டின் ஆதிக்குடி மூதாட்டி ஒருவரிடம் செய்தியாளர் கதை கேட்டபோது, "நேற்று வந்ததைப் பற்றி எதற்கு அவசரம்?" என்றாராம். அந்தப் பொறுமை தமிழருக்கு வாய்க்கவில்லை. டண்டினொங் பூங்காவில் பின்னேரங்களில் சோடி சோடியாக வரிசை நின்றது. வரிசைக்குப் பக்கத்தில் கொத்துரொட்டி வண்டி வந்தது. கலியாணம் கட்டி முப்பது வருடமான ஜெயரட்ணமும் மனைவியும் பகிடிக்குப் போய் நின்று பார்த்துவிட்டு, ஒரு வாரம் பேச்சுவார்த்தை இல்லாமல் இருந்தார்கள்.

அஞ்சலீனா இதையெல்லாம் கேட்டுக் கேட்டுச் சிரித்தாள். ராஜரத்தினம் ஒவ்வொரு சனியும் வந்தார்; பிறகு ஞாயிறுகளிலும் ஏதோ ஒரு விளக்கப்படம் காட்டவேண்டும் என்று வந்தார். ஒருநாள் அவருக்குத் தேநீர் கொடுக்கும்போது, தான் அவரை அண்ணை என்று கூப்பிடுவதை எப்போதோ நிறுத்திவிட்டதை அவள் கவனித்தாள். அந்த இடத்தில் வேறு எதையும் வைக்கவும் இல்லை. "இந்தாங்கோ" என்பதே பெயராகிவிட்டிருந்தது.

ஒரு வியாழக்கிழமை மெலனி குசினிக்கு வந்து, குளிர்சாதனப் பெட்டியில் சாய்ந்துகொண்டு நின்றாள். மெலனி பிசியோதெரபிஸ்ட். நிமிர்ந்து நிற்கச் சொல்லி ஊருக்கே உபதேசம் செய்பவள் சாய்ந்து நின்றால் ஏதோ விஷயம் இருக்கிறது.

"அம்மா, ஐ வான்ட் டு மேரி கிரண்."

கிரணை அஞ்சலீனாவுக்குத் தெரியும். பொயிண்ட் குக் பொடியன். கோயம்புத்தூர்க் குடும்பம். சாப்பிட்ட கோப்பையைத் தானே கழுவி வைக்கிற பிள்ளை. "நல்லது பிள்ளை. தாய் தகப்பன் என்ன சொல்லினம்?"

"அவங்கட அம்மாக்கு எல்லாம் ஓகே. சேர்ச் ஓகே. நாங்கள் மீன் சாப்பிடுறது ஓகே. ஒரு கண்டிஷன் மட்டும்." மெலனி தாயின் முகத்தைப் பார்த்துக்கொண்டே சொன்னாள். "ஷி வான்ட்ஸ் அஸ் டு ஸ்டாண்ட் அண்டர் த அன்ரீஸ்."

அஞ்சலீனாவின் கையிலிருந்த அகப்பை குழம்புக்குள் போய்விட்டது.

"அவங்கட பேர் என்ன?"

"சத்தியபாமா. ரேடியோவில உங்களோட கதைச்சவவாம். ஷி லவ்ஸ் யூ." மெலனிக்குச் சிரிப்பும் பயமும் ஒன்றாக வந்தன. "அம்மா, யூ மேட் இட் அப், டிட்ன்ட் யூ?"

"ஆர் சொன்னது?"

"பேசாலைக்குப் போனபோது நீங்கள் எனக்கு நிலவைக்கூடக் காட்டேல்லை. நட்சத்திரக் கதை எங்கால வந்தது?"

அஞ்சலீனா அடுப்பை அணைத்துவிட்டு நேரே நோபிள் பார்க்குக்குக் காரை விட்டாள். ராஜரத்தினம் தோட்டத்தில் தொலைநோக்கியின் மழைக்கோட்டைக் கழற்றிக்கொண்டிருந்தார். முழுக்கதையையும் நின்ற நிலையில் கொட்டினாள்.

"இப்ப என்ன செய்யிறது? காத்தை நிப்பாட்ட ஏலாதோ?"

"என்ர வேலை ரெலிபோன். காத்துக்கு நான் எடுத்துச் சொல்லேலாது," என்றார். ஆனால் உள்ளே போய்க் கணினியைத் திறந்து, வானிலைப் படங்களை ஒவ்வொன்றாக விரித்தார். குனிந்து பார்த்தார். அவருக்குப் பக்கத்தில் அவளும் குனிந்தாள், ஒன்றும் விளங்காவிட்டாலும். கடைசியில் விரலால் ஓர் இடத்தைத் தொட்டார். "ஞாயிற்றுக்கிழமை. மேல்காத்து எங்களை விட்டு வடக்குப் பக்கம் விலகிப் போகுது. அண்டைக்கு நிழல் கல்லில வெட்டின மாதிரி நிக்கும். சோடியைக் கொண்டுவந்து நிப்பாட்டுங்கோ."

"அது ஏமாத்து இல்லையோ?"

"ஏமாத்து ஏற்கனவே நடந்திட்டுது. இது வானிலை," என்றார் ராஜரத்தினம்.

ஞாயிறு பின்னேரம் அல்ட்டோனா கடற்கரையில் இரண்டு குடும்பங்களும் சந்தித்தன. சத்தியபாமா பட்டுச்சேலைக்கு மேல் தடித்த குளிர்க்கோட்டு மாட்டி, காலில் ஓட்டச் சப்பாத்தோடு வந்திருந்தாள். அஞ்சலீனாவின் இரண்டு கைகளையும் பிடித்துக்கொண்டு, "உங்க குரலைக் கேட்டே எனக்கு உங்களை ரொம்ப வருஷம் பழகின மாதிரி," என்றாள். அவளுடைய கணவர் மடக்குக் கதிரையையும் தேநீர்க் குடுவையையும் சுமந்துகொண்டு பின்னால் வந்து, சொன்ன இடத்தில் நின்றார். கிரண் ராஜரத்தினத்தைப் பார்த்து, "அங்கிள், நிக்குமா?" என்று காதோடு கேட்டான். "நிக்கும், நிக்கும்," என்றார் அவர்.

மெல்பேர்ண் வானிலையை நம்பி மெல்பேர்ண்காரன் துணிகூடக் காயப்போட மாட்டான். இருட்டு இறங்கி ஐந்து விண்மீன்களும் பளிச்சென்று வந்த நேரத்தில், தெற்கிலிருந்து குளிர்காற்றுச் சுழன்று அடித்தது. செவ்வாய்க்கிழமை வரவேண்டிய காற்று. ராஜரத்தினம் கைபேசியை எடுத்துப் பார்த்து, மெதுவாகச் சட்டைப்பைக்குள் வைத்துவிட்டு, அஞ்சலீனாவின் கண்ணைப் பார்க்காமல் கடலைப் பார்த்தார்.

மெலனியும் கிரணும் கைகோர்த்து ஈரமணலில் நின்றார்கள். பத்து நிழல்கள் விழுந்தன. விழுந்ததும் துள்ளத் தொடங்கின. வலையில் அகப்பட்ட மீன்போலத் துடித்தன, வளைந்தன, ஒன்றுக்குள் ஒன்று புகுந்து வந்தன. இதுவரை யாருடைய நிழலும் இப்படி ஆடியதை அஞ்சலீனா பார்த்ததில்லை. மெலனி சிரிப்பை அடக்கிப் பார்த்தாள். அடக்கிய சிரிப்பு மூக்கால் வந்தது. கிரண் விறைத்து நின்றான், தான் அசையாவிட்டால் நிழலும் அசையாது என்பதுபோல.

சத்தியபாமா குனிந்து மணலைப் பார்த்தாள். பார்த்துக்கொண்டே இருந்தாள்.

மகளின் கலியாணம் தன் வாயால் கெடுவதா? அஞ்சலீனா முன்னால் போய், "சத்தியபாமா, நான் ஒண்டு சொல்லவேணும்," என்றாள். "அந்தக் கதை பொய். எங்கட ஊரில நிழல்மீன் எண்டு ஒண்டும் இல்லை. அண்டைக்கு இவர் வரப் பிந்திப்போச்சு, நேரம் போகேல்லை எண்டு நான் கட்டி விட்டது. பிள்ளையளைத் தண்டிச்சுப் போடாதேங்கோ."

சத்தியபாமா நிமிர்ந்தாள். முகத்தில் கோபம் இல்லை; சின்னப் பிள்ளை பொய் சொல்வதைப் பார்க்கிற ஒரு பரிவுதான் இருந்தது.

"சும்மா இருங்க சம்மந்தி. நீங்க கட்டுனதா? அவிநாசியில எங்க பெரியம்மா நான் பாவாடை கட்டுன வயசுலயே சொல்லியிருக்காங்க. என்ன, அங்க கடல் இல்ல, கிணறு. கிணறு வெட்டப் போன புருஷங்களைத் தேடிட்டு அஞ்சு பேரு மேல போனாங்க."

ராஜரத்தினம் ஏதோ திருத்தம் சொல்லப் போனார். அஞ்சலீனா அவருடைய கோட்டைப் பிடித்து இழுத்து நிறுத்தினாள். சம்மந்தி என்ற சொல் அவளுடைய காதுக்குள் அப்போதுதான் இறங்கிக்கொண்டிருந்தது.

"ஆனா நிழல் நடுங்குதே அன்ரி," என்றாள் மெலனி, பொறுக்க முடியாமல்.

"நடுங்கட்டும் கண்ணு. அசையாம நிக்கிறது நல்லதுன்னுதான் நானும் நெனச்சிட்டு வந்தேன்." சத்தியபாமா பின்னால் கையைக் காட்டினாள். "அங்க பாரு. முப்பது வருஷமா ஒரு அசையாத மனுஷனோட குடும்பம் பண்றேன். சினிமாவுக்குப் போலாம்னா இதே மாதிரி நிப்பாரு. வீடு பத்தி எரிஞ்சாலும் இதே மாதிரி நிப்பாரு. இப்ப இதுங்க ரெண்டும் இந்த ஆட்டம் ஆடறதைப் பாத்ததும், அடடா, நமக்கு இது வாய்க்கலையேன்னு இருக்குது. ஆடட்டும். நல்லா ஆடட்டும்."

கதிரையும் குடுவையுமாக நின்ற மனிதர் சற்று யோசித்தார். பிறகு கதிரையை மணலில் வைத்தார். குடுவையைக் கதிரையில் வைத்தார். மனைவியிடம் நடந்து வந்து, கையை நீட்டினார்.

"என்னங்க?" என்றாள் சத்தியபாமா.

"ஆடலாம்," என்றார் அவர்.

அதற்குப் பிறகு நடந்ததை யாராலும் ஒழுங்காகச் சொல்ல முடியாது. அந்த மனிதருக்கு ஆடத் தெரியவில்லை, சுற்றத்தான் தெரிந்தது. பட்டுச்சேலையும் ஓட்டச் சப்பாத்துமாய்ச் சத்தியபாமா சுற்றினாள். மெலனியும் கிரணும் சுற்றினார்கள். நிழல்கள் சக்கரத்தின் ஆரைக்கால்கள்போலச் சுழன்று, மணலா நிழலா காலா என்று தெரியாமல் போயிற்று. நாயோடு வந்த ஒரு வெள்ளைக்கார அம்மா, என்ன கொண்டாட்டம் என்று கேட்டாள். பதில் கிடைக்குமுன் அவளும் சுற்றத் தொடங்கிவிட்டாள். நாய் எல்லாரையும் சுற்றி ஓடியது. அஞ்சலீனா கையைத் தட்டிக்கொண்டு நின்றவள், எப்போது உள்ளே நுழைந்தாள் என்று அவளுக்கே தெரியாது. யாருடைய கையையோ பிடித்துச் சுற்றினாள். வானத்தில் ஐந்து, கடலில் ஐந்து, தரை முழுக்க எண்ண முடியாதவை. காலுக்குக் கீழே பூமி நழுவ, பொத்தென்று மணலில் உட்கார்ந்துவிட்டாள். பிடித்திருந்த கையும் கூடவே கீழே வந்தது. ராஜரத்தினத்தின் கை.

"எழும்பேலுமோ?" என்று கேட்டார் அவர், கண்ணாடியைத் தேடிக்கொண்டு.

"பொறுங்கோ. உலகம் சுத்துது."

"அது எப்பவும் சுத்துறதுதானே."

"எனக்கு இண்டைக்குத்தான் தெரியுது," என்றாள் அஞ்சலீனா. கண்ணாடியை மணலிலிருந்து எடுத்து, தன் சால்வையில் துடைத்து, அவருடைய முகத்தில் தானே மாட்டிவிட்டாள். அவர் அசையாமல் முகத்தைக் காட்டிக்கொண்டிருந்தார்.

"என்ர கணக்குப் பிழைச்சுப்போச்சு," என்றார். "மன்னிச்சுக் கொள்ளுங்கோ."

"நல்ல காலம் பிழைச்சது."

அலை வந்து போனது. சற்றுத் தள்ளி, மூச்சு வாங்கிக்கொண்டிருந்த கணவனுக்குச் சத்தியபாமா குடுவையிலிருந்து தேநீர் ஊற்றிக்கொண்டிருந்தாள். கிரண் யாருக்கோ தொலைபேசியில் சத்தமாகச் செய்தி சொல்லிக்கொண்டிருந்தான்.

"அடுத்த மாதம் மில்டூராவுக்கு அங்கால போகலாம் எண்டு இருக்கிறன்," என்றார் ராஜரத்தினம், மணலைப் பார்த்தபடி. "சுத்திவர ஒரு லைற்றும் இல்லாத இடம். அங்க இந்த நிழல் இன்னும் நல்லாத் தெரியும். ஒவ்வொரு வருசமும் தனியத்தான் போறனான்." கைகளில் ஒட்டிய மணலைத் தட்டினார். "இந்த முறை தனியப் போக மனம் வருகுதில்லை."

கன்ரீனில் லீவு கேட்கவேண்டும். சனிக்கிழமை நிகழ்ச்சிக்கு வேறு ஆள் பிடிக்கவேண்டும். ஊர் என்ன சொல்லும் என்று அஞ்சலீனா ஒரு கணம் நினைத்தாள்; ஊர் பூங்காவில் வரிசையில் நிற்பதும் நினைவு வந்தது.

"அங்க இருக்கிறதுக்குக் கதிரை கொண்டுபோறனீங்களோ?"

"ஓம். ஒண்டு வைச்சிருக்கிறன்."

"எனக்குச் சாய்மானம் உள்ளது வேணும். இடுப்பில நாரிப்பிடிப்பு இருக்கு. வாற கிழமை போய்ப் பாத்து வாங்குவம்."

ராஜரத்தினம் தலையை ஆட்டினார். ஒருமுறை ஆட்டியது போதாதென்று மறுபடியும் ஆட்டினார். மேலே கடைத்தெருவில் வறுத்த உருளைக்கிழங்கின் மணம் காற்றோடு வந்தது.

"அம்மா, எல்லாருக்கும் பசிக்குது. ஆர் யூ போத் கமிங்?" என்று கூப்பிட்டாள் மெலனி.

"வாறம், நடவுங்கோ," என்றாள் அஞ்சலீனா. எழும்புவதற்குக் கையை நீட்டினாள்.